ஔவையார் சுருக்கிக் கட்டிய கலப்பை

நீங்கள் கேட்டது இது: புறநானூறு 206ஆம் பாட்டில் ஔவையார் 'சுருக்கினெம் கலப்பை' என்கிறார். கலப்பை என்றால் ஏர்தானே? பரிசில் வாங்க வந்த புலவர் அரண்மனை வாசலில் ஏரோடு ஏன் நிற்கிறார்? மரத்தால் ஆன ஏரை எப்படிச் சுருக்குவது? உங்கள் வகுப்பில் ஒரு பிள்ளை, ஔவையின் தோளில் ஏர் இருப்பதாகவே படம் வரைந்துவிட்டது, அதற்கு மதிப்பெண் குறைக்கலாமா என்றும் கேட்டிருக்கிறீர்கள்.

அந்த இடத்தில் கலப்பை என்பது ஏர் இல்லை, பை. கலம் என்ற சொல்லும் பை என்ற சொல்லும் சேர்ந்தது. மரம் + பலகை மரப்பலகை ஆகிறதே, அதே புணர்ச்சிதான்: கலம் + பை, கலப்பை. தொழிலுக்கு வேண்டிய கருவிகளைப் போட்டு எடுத்துச் செல்லும் பை. ஆனால் இதோடு பதிலை முடித்துவிட எனக்கு மனம் வரவில்லை. இந்த ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டு போனால், பழந்தமிழர் தொழில் செய்பவரின் கருவிகளை எப்படிப் பார்த்தார்கள் என்பதே தெரியவரும்.

முதலில் பாட்டு. அதியமான் நெடுமான் அஞ்சி பரிசில் தரக் காலம் நீட்டுகிறான். ஔவையார் வாயிற்காவலனைக் கூப்பிடுகிறார்: 'வாயிலோயே! வாயிலோயே!' உன் அரசன் தன்னை அறியாதவனா, என்னை அறியாதவனா என்று கேட்கிறார். அறிவும் புகழும் உடையவர்கள் எல்லாம் செத்துப்போய் உலகம் வெறுமையாகிவிடவில்லை என்கிறார். அப்புறம் வருகிறது நீங்கள் கேட்ட அடி:

காவினெம் கலனே; சுருக்கினெம் கலப்பை;
மரங்கொல் தச்சன் கைவல் சிறாஅர்
மழுவுடைக் காட்டகத்து அற்றே
எத்திசைச் செலினும் அத்திசைச் சோறே.

யாழைத் தோளில் மாட்டிவிட்டோம், கருவிப் பையைச் சுருக்கிக் கட்டிவிட்டோம். மரம் வெட்டும் தச்சனின் கைத்திறன் உள்ள பிள்ளைகள் கோடரியோடு காட்டுக்குள் போனால் எந்தப் பக்கமும் மரம் இருக்கும். எங்களுக்கும் அப்படித்தான், எந்தத் திசையில் போனாலும் அங்கே சோறு உண்டு.

'காவினெம்' என்ற சொல்லைக் கொஞ்சம் பாருங்கள். கா என்பது தோளில் வைத்துச் சுமக்கும் தண்டு. இரண்டு முனையிலும் சுமையைக் கட்டித் தொங்கவிட்டு, நடுவில் தோள் கொடுப்பது. முருகன் கோயிலுக்கு எடுக்கும் காவடியில் இருப்பது இந்தக் 'கா'தான். இலங்கைத் தமிழர் பேச்சில் இந்த வினைச்சொல் இன்றும் உயிரோடு இருக்கிறது. ஒரு பொருளைச் சுமந்துகொண்டு போவதைக் 'காவிக்கொண்டு போறது' என்பார்கள். ஔவையார் சொன்ன அதே சொல் யாழ்ப்பாணத்துச் சந்தையில் காதில் விழும்.

சரி, பைக்குள் என்ன இருந்தது? இதற்குப் பத்துப்பாட்டில் ஒன்றான மலைபடுகடாம் முழுப் பட்டியலே தருகிறது. நன்னனைப் பெருங்குன்றூர்ப் பெருங்கௌசிகனார் பாடியது. தொடக்கத்திலேயே கூத்தர்கள் தங்கள் கருவிகளைக் கட்டிக்கொண்டு மலைவழியில் வருகிறார்கள். திண்ணிய வாரால் இறுக்கிய முழவு, ஆகுளி என்ற சிறுபறை, உருக்கிச் செய்த வெண்கலத் தாளமான பாண்டில், மயில்பீலி கட்டிய கொம்பு, யானை பெருமூச்சு விடுவதுபோல் ஒலிக்கும் நீண்ட தூம்பு, அதைவிடக் குட்டையான இன்னொரு தூம்பு, குழல், தட்டை, எல்லரி, பதலை. இவ்வளவையும் சொல்லிவிட்டு, 'கார்க்கோள் பலவின் காய்த்துணர் கடுப்ப, நேர்சீர் சுருக்கிக் காய கலப்பையிர்' என்று அவர்களை விளிக்கிறார். கார்காலத்துப் பலாமரத்தில் காய்கள் கொத்தாகத் தொங்குவதைப்போல, இரண்டு பக்கமும் எடை சமமாக இருக்கும்படி கட்டிக் காவிய பைகளை உடையவர்களே என்று பொருள்.

பண்ருட்டிப் பக்கம் காய்ப்புக் காலத்தில் போயிருந்தால் இந்த உவமை உடனே பிடிபடும். பலாக்காய் நுனிக்கிளையில் காய்க்காது. அடிமரத்திலும் பெருங்கிளையிலும் ஒட்டிக்கொண்டு, பெரிதும் சிறிதுமாக, ஒன்றையொன்று இடித்துக்கொண்டு தொங்கும். தண்டில் தொங்கும் மேளமும் பறையும் பார்வைக்கு அப்படியே இருக்கும். 'நேர்சீர்' என்பதும் தொழில் தெரிந்தவர் சொல். ஒரு பக்கம் கனத்தால் தோள் நோகும், நடை கோணும். சுமந்து பார்த்தவருக்குத்தான் அது தெரியும்.

பதிற்றுப்பத்தில் பரணரும் இதே பையைக் காட்டுகிறார். 41ஆம் பாட்டு, செங்குட்டுவனைப் பாடியது. யாழை இளையவர்கள் சுமக்க, முழவையும் பதலையையும் தூம்பையும் சேர்த்துக் கட்டி, 'காவில் தகைத்த துறைகூடு கலப்பையர்' என்கிறார். துறைகூடு என்றால், அந்தந்தத் துறைக்கு வேண்டியது எல்லாம் கூடியிருப்பது. எது வேண்டுமானாலும் பைக்குள் கையை விட்டால் கிடைக்கும்.

இதே பாட்டில், அந்தப் பைகளைச் சுமந்து வருபவர்களைப் பரணர் 'கைவல் இளையர்' என்கிறார். ஔவையார் தச்சனின் பிள்ளைகளைக் 'கைவல் சிறாஅர்' என்கிறார். இசைக்கும் ஒரே அடைமொழி, மரவேலைக்கும் ஒரே அடைமொழி. கை வல்லமை என்ற ஒன்றுதான் அவர்கள் கண்ணில் பட்டது. அது நரம்பைத் தொடுகிறதா, உளியைத் தொடுகிறதா என்று உயர்வு தாழ்வு பார்க்கவில்லை. ஔவையார் தன்னைத் தச்சன் பிள்ளையோடு வைத்துப் பேசியதை வெறும் உவமை என்று என்னால் கடந்துபோக முடியவில்லை.

ஔவையாருக்குத் தொழிற்கருவி மேல் ஒரு தனிக் கண் இருந்தது. அதே அதியமானைப் பாடிய 87ஆம் பாட்டில், ஒரு நாளைக்கு எட்டுத் தேர் செய்யக்கூடிய தச்சன் ஒரு மாதம் முழுக்க உட்கார்ந்து கருத்தாகச் செய்த ஒற்றைச் சக்கரம் போன்றவன் எங்கள் தலைவன் என்கிறார்: 'வைகல் எண்தேர் செய்யும் தச்சன் திங்கள் வலித்த கால் அன்னோனே.' அவசரத்தில் செய்த பொருளுக்கும், நிறுத்தி நிதானமாகச் செய்த பொருளுக்கும் உள்ள வேறுபாட்டைப் பட்டறையில் நின்று பார்த்தவர்தான் இப்படிப் பாட முடியும். தொண்டைமானிடம் தூது போய்ப் பாடிய 95ஆம் பாட்டும் அப்படித்தான். உன் படைக்கருவிகள் பீலி அணிந்து, மாலை சூடி, நெய் பூசிக் காவலுள்ள மாளிகையில் பளபளப்பாக இருக்கின்றன. அதியமானுடையவையோ பகைவரைக் குத்தி நுனி முறிந்து 'கொல்துறைக் குற்றில', கொல்லனின் சிறு கொட்டிலில் கிடக்கின்றன என்கிறார். உழைத்த கருவி பழுதுபார்க்கப் போயிருக்கிறது, உழைக்காத கருவி மாலை போட்டுக்கொண்டு நிற்கிறது. மூன்று பாட்டிலும் தச்சனோ கொல்லனோ வந்துவிடுகிறார்.

இந்தச் 'சுருக்கினெம் கலப்பை' எனக்கு நன்றாகப் புரிந்தது உரையைப் படித்து இல்லை. சின்ன வயதில் எங்கள் வீட்டுக்கு நிலையும் கதவும் செய்ய ஓர் ஆசாரி வந்திருந்தார். அப்போது எல்லாம் கைவேலைதான். காலையில் வந்ததும் சாக்குப்பையை விரித்து, அதன் மேலேயே கருவிகளைப் பரப்புவார். வாய்ச்சி, ரம்பம், இரண்டு இழைப்புளி, மூலைமட்டம், கொட்டாப்புளி, அரம், சாணைக்கல், கால் அங்குலம் தொடங்கிப் பெரிதாகிக்கொண்டே போகும் உளிகள். எங்களைத் தொட விடமாட்டார். சாயங்காலம் வேலை முடிந்ததும் ஒவ்வோர் உளியின் வாயையும் பழைய வேட்டித் துணியில் சுற்றுவார். இழைப்புளியில் ஆப்பைத் தட்டித் தகட்டை உள்ளே வாங்கிக்கொள்வார். எண்ணெய்த் துணியால் ஒரு துடைப்பு. அப்புறம் எண்ணிக்கை. வாய்விட்டு எண்ணுவார். கணக்குச் சரியாக இருந்தால்தான் பை வாயைச் சுருக்கிக் கட்டுவார்.

எங்கள் வேலை முடிந்து அவர் பக்கத்துத் தெருவில் ஒரு வீட்டுக்குப் போனார். பாதி வேலையில் கூலி விஷயத்தில் பேச்சு வந்திருக்கிறது. பேசினதைவிடக் குறைத்துக் கொடுத்து, 'அப்புறம் பாத்துக்கலாம் ஆசாரி' என்றிருக்கிறார்கள். அவர் சண்டை போடவில்லை. மதியம் பன்னிரண்டு மணிக்கு, வெயிலில், அந்த வீட்டு வாசல்படியில் உட்கார்ந்து உளிகளை ஒவ்வொன்றாகத் துணியில் சுற்ற ஆரம்பித்தார். பள்ளிக்கூடம் விட்டுச் சாப்பிட வந்த நாங்கள் பார்த்துக்கொண்டு நின்றோம். வேலை நேரத்தில் பை கட்டப்படுவதைப் பார்த்ததும் அந்த வீட்டுக்காரருக்கு முகம் மாறிவிட்டது. தெருவில், 'ஆசாரி பையைக் கட்டிட்டாரு' என்றார்கள். அந்த ஒரு வாக்கியத்தில் எல்லாம் அடங்கிவிட்டது.

அதியமான் வாசலில் ஔவையார் செய்ததும் இதேதான். கோபத்தை வார்த்தையில் கொஞ்சமும், கையில் மிச்சமும் காட்டுகிறார். யாழ் தண்டில் ஏறிவிட்டது, பை வாய் கட்டியாகிவிட்டது. இதை ஏர் என்று படித்தால் இந்தக் காட்சி முழுக்கப் போய்விடும்.

இப்போது கலம் என்ற சொல்லுக்கு வருவோம். இதற்குப் பொருள்கள் நிறைய. பானை, சட்டி எல்லாம் கலம். இறந்தவரை வைத்துப் புதைக்கும் தாழியைச் செய்யும் குயவரைக் 'கலஞ்செய் கோவே, கலஞ்செய் கோவே' என்று கூப்பிடும் பாட்டுகள் புறநானூற்றில் இரண்டு உண்டு, 228 ஒன்று, 256 ஒன்று. இரண்டாவது, கணவனை இழந்த ஒரு பெண்ணின் குரல். வண்டிச் சக்கரத்தின் ஆரத்தில் ஒட்டிக்கொண்டு வந்த பல்லியைப்போல அவனோடு எத்தனையோ வழி வந்தவள் நான், எனக்கும் இடம் இருக்கும்படி அந்தத் தாழியைக் கொஞ்சம் அகலமாகச் செய்யுங்கள் என்று கேட்கிறாள். அந்தப் பாட்டைச் சொல்லாமல் கலம் பற்றிப் பேச எனக்கு வராது.

கப்பலும் கலம்தான். யவனர்கள் பொன்னோடு வந்து மிளகோடு திரும்பிய கப்பலை அகநானூறு 149, 'வினைமாண் நன்கலம்' என்கிறது, அதாவது வேலைப்பாடு சிறந்த நல்ல கலம். கலங்கரை விளக்கத்தில் இருப்பதும் இந்தக் கலம். கரைதல் என்றால் அழைத்தல், கப்பல்களை அழைக்கும் விளக்கு. நகையும் கலம்: 'நன்கலம் நன்மக்கட் பேறு' என்ற குறளில் அணிகலன். பால் பாத்திரமும் கலம்: 'நன்பால் கலந்தீமை யால்திரிந் தற்று.' ஔவை பாட்டில் யாழ் கலம். போர்க்கருவி படைக்கலம். நெல் அளக்கும் அளவும் கலம்: 8 நாழி ஒரு குறுணி, 12 குறுணி ஒரு கலம். தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளில் ராஜராஜன் காலத்து நெல் கணக்குகள் 'ஆடவல்லான்' என்று பெயரிட்ட மரக்காலால் அளந்து கலக்கணக்கில்தான் எழுதப்பட்டிருக்கின்றன.

பானைக்கும் கப்பலுக்கும் யாழுக்கும் என்ன உறவு என்று தோன்றலாம். நான் இப்படிப் பார்க்கிறேன்: ஒருவர் கைத்திறனால் செய்து, இன்னொருவர் அதை வைத்துத் தன் காரியத்தை நடத்தும் பொருள் எதுவோ அது கலம். குயவன் செய்தது, உலை வைக்கிறவளுக்குக் கலம். தச்சன் செய்தது, மாலுமிக்குக் கலம். அதனால்தான் இன்றைக்குப் புதிதாக வந்த பொருள்களுக்கும் இந்தச் சொல் கோணாமல் பொருந்துகிறது. விண்கலம், மின்கலம், கொதிகலன் என்று சொல்லும்போது யாருக்கும் நெருடவில்லையே.

இனி ஏர். உங்கள் மாணவர் மேல் குற்றம் இல்லை என்பதற்கு இங்கே ஒரு வலுவான சான்று இருக்கிறது. 'கலப்பை என்றால் சங்க காலத்தில் பைதான், ஏர் என்ற பொருள் பின்னால் வந்தது' என்று சிலர் சொல்லிவிடுவார்கள். அது சரியில்லை. பத்துப்பாட்டில் இன்னொன்றான பெரும்பாணாற்றுப்படையில் கடியலூர் உருத்திரங்கண்ணனார் ஓர் உழவர் வீட்டைக் காட்டுகிறார். 'குறுஞ்சாட்டு உருளையொடு கலப்பை சார்த்தி நெடுஞ்சுவர் பறைந்த புகைசூழ் கொட்டில்.' சின்ன வண்டியின் சக்கரத்தையும் கலப்பையையும் சாய்த்துச் சாய்த்து வைத்ததில் நீண்ட சுவர் தேய்ந்துபோன, புகை படிந்த கொட்டில். இது சந்தேகமே இல்லாமல் ஏர். கிராமத்து மாட்டுக்கொட்டிலைப் பார்த்தவர்களுக்கு அந்தச் சுவர்த் தேய்மானம் தெரியும். தினமும் ஒரே இடத்தில் சாய்த்ததில் மண்சுவரில் ஒரு பள்ளம் விழுந்திருக்கும், இருட்டிலும் கை தானாக அங்கே போகும்.

ஆக, பத்துப்பாட்டுக்குள்ளேயே ஒரு கலப்பை பலாக்காய்போலத் தண்டில் தொங்குகிறது, இன்னொரு கலப்பை சுவரில் சாய்ந்து நிற்கிறது. எது எது என்று கண்டுபிடிக்க வழி, பெயர்ச்சொல்லை விட்டுவிட்டு வினைச்சொல்லைப் பார்ப்பதுதான். சுருக்கினால், காவினால், அது பை. சார்த்தினால் அது ஏர். இந்த ஒரு குறிப்பை மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுத்தால் வேறு பல இடங்களிலும் உதவும்.

பையின் பெயரும் ஏரின் பெயரும் ஏன் ஒன்றாயின? ஏர் ஒரே மரக்கட்டை இல்லை என்பதில்தான் விடை இருக்கிறது என்று நினைக்கிறேன். கையில் பிடிக்கும் மேழி, மண்ணில் இறங்கும் இரும்புக் கொழு, நீண்ட ஏர்க்கால், மாட்டுக் கழுத்தில் ஏறும் நுகத்தடி, இவற்றைப் பிணைக்கும் கயிறுகள். எல்லாம் கழற்றி மாட்டக்கூடியவை. காலையில் கட்டினால்தான் அது ஏர். அதனால்தான் 'ஏர் கட்டுதல்', 'ஏர் பூட்டுதல்' என்கிறோம். அகராதிகளும் கலப்பைக்கு ஏர் என்று மட்டும் சொல்லி நிறுத்தாமல், உழவுக்கருவிகளின் தொகுதி என்றும் பொருள் தருகின்றன. பாணருக்கு மேளதாளங்களின் தொகுதி கலப்பை என்றால், உழவருக்கு மேழியும் கொழுவும் சேர்ந்த தொகுதி கலப்பை. அவரவர் பிழைப்புக்கான முழுச் சாமான். மலையாளத்தில் ஏருக்குக் 'கலப்ப' என்றே இன்றும் பெயர்.

ஏருக்கென்றே தனியாக வேறு சொற்களும் இருந்தன. திருக்குறளில் உழவு அதிகாரத்தைப் புரட்டிப் பாருங்கள், ஏர் வரும், கலப்பை வராது. சங்கப் பாட்டில் நாஞ்சில் அடிக்கடி வரும். அப்புறம் படை. இதுதான் பலருக்கு வியப்பாக இருக்கும். படை என்றாலே நமக்குச் சேனையும் ஆயுதமும்தான் நினைவுக்கு வருகின்றன, ஆனால் உழும் கருவியும் படைதான்: உழுபடை. ஏர் கிழித்த கோட்டுக்கு இன்றும் படைச்சால் என்றுதான் பெயர். வெள்ளைக்குடி நாகனார் சோழன் கிள்ளிவளவனிடம், 'பொருபடை தரூஉங் கொற்றமும் உழுபடை ஊன்றுசால் மருங்கின் ஈன்றதன் பயனே' என்றார். போரிடும் படை வாங்கித்தரும் வெற்றியும், உழும் படை ஊன்றிய சாலில் விளைந்த விளைச்சலால் வந்ததுதான். புறநானூறு 35. ஒரு சொல்லின் இரண்டு பொருளையும் அரசன் முகத்துக்கு நேரே வைத்து நியாயம் கேட்டிருக்கிறார். 20ஆம் பாட்டில் குறுங்கோழியூர் கிழார், உன் நாட்டு மக்கள் 'திருவில் அல்லது கொலைவில் அறியார், நாஞ்சில் அல்லது படையும் அறியார்' என்று வாழ்த்துகிறார். வானவில்லைத் தவிர வேறு வில்லும், ஏரைத் தவிர வேறு ஆயுதமும் தெரியாத மக்கள். இதைவிட நல்ல வாழ்த்தை ஒரு நாட்டுக்கு யாரும் சொல்லிவிட முடியாது.

தொகுதி என்றேனே, அதற்குத் தொல்காப்பியத்திலேயே ஆதாரம் உண்டு. உரியியலில் ஒரு நூற்பா, இரண்டே சொல்: 'கருவி தொகுதி.' கருவி என்றால் கூட்டம். மழை பெய்ய மேகம், மின்னல், இடி எல்லாம் சேர வேண்டும், அதனால் 'கருவி மாமழை' என்றார் கபிலர், குறுந்தொகை 42இல். பெருஞ்சித்திரனார் புறநானூறு 159இல், கதிர் ஈனாமல் வாடும் தினைக்கு இழுமென்று வந்து பெய்யும் 'கருவி வானம்' என்றார். 'கருவி வானம்' என்பதைப் படித்துவிட்டு 'வானம் எப்படிக் கருவி ஆகும்' என்று குழம்புபவர்கள் உண்டு. உங்கள் ஏர்க் குழப்பத்தின் உடன்பிறப்பு அது. கலப்பையைப்போலக் கருவியும் முதலில் பலவற்றின் சேர்க்கை. ஒற்றை உளியை வைத்துக்கொண்டு யாரும் கதவு செய்துவிட முடியாது.

இந்தச் சொல்லைச் சைவ சித்தாந்தம் எடுத்துக்கொண்ட விதம் எனக்கு மிகவும் பிடிக்கும். உயிர் அறிவதற்கும் செயல்படுவதற்கும் துணைநிற்கும் தத்துவங்களைக் கருவிகள் என்கிறார்கள். விழித்திருக்கும்போது 35 கருவிகள், கனவில் 25, ஆழ்ந்த உறக்கத்தில் 3, அதற்கும் உள்ளே போகப்போக 2, பிறகு 1. கருவிகள் ஒவ்வொன்றாகக் கழல்கின்றன என்பார்கள். படிக்கும்போதெல்லாம் எனக்கு அந்த ஆசாரி சாயங்காலம் உளிகளைத் துணியில் சுற்றிப் பைக்குள் வைப்பதுதான் கண்ணில் வரும்.

இன்னும் இரண்டு சொல் சொல்லிவிடுகிறேன். புறநானூற்றின் பழைய உரையில் இந்தக் கலப்பைக்கு 'முட்டுக்கள்' என்ற சொல் வருகிறது. முட்டு என்றால் சாமான், கருவி. தொழிற்கருவிகளுக்குப் பணிமுட்டு என்று பெயர் இருந்தது. அது பேச்சில் போய்விட்டது, ஆனால் வீடு மாற்றும்போது 'தட்டுமுட்டுச் சாமான் எல்லாம் ஏத்தியாச்சா' என்று கேட்கிறோமே, அதில் அந்த முட்டு இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. தனியாக நின்றபோது மதிப்பாக இருந்த சொல், தட்டோடு சேர்ந்து உதிரிச் சாமான் என்று இறங்கிவிட்டதில் எனக்கு வருத்தம்தான்.

மற்றொன்று அடப்பம். முடிதிருத்துபவர் கத்தி, கத்தரிக்கோல், சீப்பு, சாணைக்கல், கிண்ணம், சின்னக் கண்ணாடி எல்லாம் வைத்து வீடு வீடாக எடுத்துப்போன பைக்கு அதுதான் பெயர். அடைப்பை என்ற பழைய சொல்லோடு சேர்ந்தது. அடை என்றால் இலை. வெற்றிலை வைக்கும் பை அடைப்பை. அரசனுக்கு அதை ஏந்தி நின்றவர் அடைப்பக்காரர். கலம் + பை போல அடை + பை. வெற்றிலைப் பையின் பெயர் ஒரு தொழிலாளியின் கருவிப் பைக்கு வந்து, கடைசிவரை அவரோடு நடந்திருக்கிறது. இன்றைக்குத் தச்சரிடமோ கொத்தனாரிடமோ கேட்டால் 'சாமான்' என்பார்கள், சரஸ்வதி பூசை அன்று மட்டும் அது 'ஆயுதம்' ஆகும். அடப்பம் என்ற சொல்லைச் சொல்லும் பெரியவர்கள் உங்கள் ஊரில் இருந்தால், அவர்கள் பைக்குள் இருந்த ஒவ்வொரு பொருளுக்கும் என்ன பெயர் வைத்திருந்தார்கள் என்று மாணவர்களை விட்டுக் கேட்டு எழுதச் சொல்லுங்கள். ஒரு தலைமுறை தாண்டினால் அந்தப் பெயர்கள் கிடைக்காது.

மதிப்பெண் விஷயம். குறைக்க வேண்டாம் என்பது என் கருத்து. அந்தப் பிள்ளை படித்தது பாதி சரி. ஔவையார் அதே பாட்டில், புலவர்கள் 'வள்ளியோர் செவிமுதல் வயங்குமொழி வித்தி' வாழ்பவர்கள் என்கிறார். கொடுப்பவர் காதில் நல்ல சொல்லை விதைப்பவர்கள். விதை வந்த பாட்டில் ஏரைத் தேடியது பெரிய தப்பில்லை. வள்ளுவரே புலவர்களைச் 'சொல்லேர் உழவர்' என்றிருக்கிறார். படத்தை அழிக்கச் சொல்லாதீர்கள், பக்கத்தில் இன்னொன்று வரையச் சொல்லுங்கள். தோளில் ஒரு தண்டு. ஒரு முனையில் யாழ். மறுமுனையில் பலாக்காய்க் கொத்துபோல வாய் இறுகக் கட்டிய பை. முகம் வாசலைப் பார்த்து இருக்கக் கூடாது, வழியைப் பார்த்துத் திரும்பியிருக்க வேண்டும்.